படிக்காமலே தீர்ப்பு சொல்கிறவர்களுக்கு

ஞாயிற்றுக்கிழமை கூட்டத்தில் நடந்தது உங்களில் பலருக்குத் தெரியும், காணொளியும் பார்த்திருப்பீர்கள். பிரான்ஸிலிருந்து வந்து இங்கே காவி கட்டி வாழ்ந்த கத்தோலிக்கத் துறவி அபிஷிக்தானந்தரைப் பற்றி நான் பேசிக்கொண்டிருக்கும்போதே நம் சபைக்காரர் ஒருவர் மைக்கை வாங்கி, "காவி கட்டிக் குழம்பிப்போன ஒருத்தரைப் பற்றி நம்ம பிள்ளைகளுக்கு எதுக்கு?" என்று கேட்டாரே, அதோடு முடிந்திருந்தால் இந்தப் பதிவே வந்திருக்காது. அந்தத் துண்டை மட்டும் வெட்டி எடுத்து, "மதம் மாற்ற வேஷம் போட்டு வந்த பாதிரி" என்று வேறொரு கூட்டம் நேற்று முழுக்கச் சுற்றவிட்டது. மனிதர் ஒருவர்தான். நம் ஆட்களுக்கு அவர் சபையை விட்டு ஓடியவர், அந்த வெளிக்கூட்டத்துக்கு அவர் சபைக்கு ஆள் பிடிக்க வந்தவர். இரண்டு தரப்பும் அவர் எழுதியதில் ஒரு பக்கமாவது புரட்டியதாகத் தெரியவில்லை.

படித்துவிட்டுத் திட்டுங்கள். நான் கேட்பது அவ்வளவுதான்.

அபிஷிக்தானந்தர் என்று நாம் சொல்லும் ஆன்றி லு சோ, 1910-இல் பிரான்ஸின் பிரித்தானிப் பகுதியில் ஒரு கடலோர ஊரில் பிறந்தவர். 19 வயதில் கெர்கொனானில் இருந்த பெனடிக்டின் சபைத் துறவிகளின் மடத்துக்குள் போனார். 1948-இல் குளித்தலை வந்து சேர்ந்தார். அதன்பிறகு சாகும்வரை பிரான்ஸ் பக்கம் திரும்பவே இல்லை. 1950 மார்ச் 21 அன்று அவரும் ஜூல் மோன்ஷனின் என்ற பிரெஞ்சுச் சாமியாரும் குளித்தலை பக்கம் தண்ணீர்ப்பள்ளியில் காவிரிக்கரைத் தோப்பில் சாந்திவனம் என்ற ஆசிரமத்தைத் தொடங்கினார்கள்.

சரி, ஆள் பிடிக்கத்தான் வந்தார் என்றே வைத்துக்கொள்வோம். எத்தனை பேரைப் பிடித்தார்? அங்கே சீடர்கள் வந்து குவியவில்லை, வந்த சிலரும் நிலைக்கவில்லை. 1957-இல் மோன்ஷனின் இறந்ததும் கிட்டத்தட்டத் தனியாள். 1968-இல் ஆசிரமத்தை பீட் கிரிஃபித்ஸ் என்ற ஆங்கிலேயத் துறவி கையில் கொடுத்துவிட்டு உத்தரகாசியில் கங்கைக்கரைக் குடிசைக்குப் போய்விட்டார். இந்தியத் துறவைத் திருச்சபைக்குள் கொண்டுவர வேண்டும் என்ற எண்ணத்தோடுதான் ஆரம்பித்தார்கள், அதை நான் மறைக்கவில்லை. ஆனால் வந்தவருக்கு இங்கே என்ன ஆனது என்பதைப் பற்றித்தானே அவருடைய எழுத்து முழுக்கப் பேசுகிறது! 1949 ஜனவரியில் ரமணரைப் பார்க்கத் திருவண்ணாமலை போகிறார். எதிர்பார்த்துப் போனது எதுவும் முதலில் கிடைக்கவில்லை, ஏமாற்றமாக இருந்தது என்று அவரே எழுதுகிறார். அங்கே ஓதிய வேதம்தான் அவரைப் பிடித்து இழுக்கிறது. உடம்பில் காய்ச்சல், அந்தக் காய்ச்சலுக்குள்ளும் ரமணர் அவர் மனதை விட்டுப் போகவில்லை. அப்புறம் 1952-இலிருந்து அந்த மலைக் குகைகளுக்கே திரும்பத் திரும்பப் போய் மௌனத்தில் உட்கார்ந்தார். அடுத்தவரை மாற்ற வந்தவர் செய்கிற வேலையா இது?

இனி நம் சபை ஆட்களுக்கு வருகிறேன். எனக்கு அதிகம் வலித்தது நீங்கள் சொன்னதுதான், வெளியாட்கள் பேசியது இல்லை.

"குழம்பியவர்" என்கிறீர்கள். ஆமாம், தவித்தார். அதை யாரும் துப்பறிந்து கண்டுபிடிக்க வேண்டியதில்லை, அவரே எழுதி வைத்திருக்கிறார். அவர் இறந்தபிறகு வெளிவந்த நாட்குறிப்புகளை எடுத்துப் பாருங்கள். கடவுளும் ஆன்மாவும் இரண்டல்ல என்கிற அத்வைதத்தை நம்பிப் போய்க் கடைசியில் கிறிஸ்துவை இழந்துவிட்டால் என் கதி என்ன என்ற பயம் அதில் இருக்கிறது. உள்ளே கண்டதை இல்லை என்று சொல்லவும் அவருக்கு மனசு வரவில்லை. இரண்டில் ஒன்றை விட்டிருந்தால் நிம்மதியாகப் போயிருப்பார். விடவில்லை. வருடக்கணக்காக அந்த வேதனையோடு இருந்துகொண்டே திருப்பலி நிறைவேற்றினார், கடைசிவரை கத்தோலிக்கக் குருவாகவே இருந்தார். இதற்குப் பெயர் குழப்பம் என்றால், ஒரு சந்தேகமும் வராமல் ஞாயிறு பூசைக்குப் போய் வருகிற நமக்கு என்ன பெயர்?

"அதெல்லாம் பெரிய ஞானிகளுக்குச் சரி, சாதாரண ஜனத்துக்கு இது எதற்கு" என்று ஒரு அண்ணன் கமெண்டில் கேட்டிருந்தார். அவருக்கு மட்டும் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். என் அப்பா சாதாரண ஜனம்தான் அண்ணா. தினமும் சாயங்காலம் செபமாலை சொல்லாமல் சாப்பிட மாட்டார். பக்கவாதம் வந்தபிறகு அவரால் செபமாலையில் மணிக்கு மணி சொல்லும் மங்கள வார்த்தை செபத்தைப் பாதிக்கு மேல் சொல்ல முடியவில்லை. நடுவில் வார்த்தை நின்றுவிடும், திரும்ப முதலிலிருந்து ஆரம்பிப்பார், திரும்ப நிற்கும். விரல் அதே மணியில் இருக்கும், கண்ணில் தண்ணீர் வழியும். பார்க்க வந்த பெரியவர் ஒருவர் "விசுவாசத்தோட முயற்சி பண்ணுங்க, வரும்" என்று சொல்லிவிட்டுப் போனார். செபம் நின்றதற்குத் தன் விசுவாசம் போதாததுதான் காரணம் என்று அப்பா அன்றிலிருந்து நம்பத் தொடங்கிவிட்டார். அந்த நேரத்தில்தான் அபிஷிக்தானந்தர் ஜெபத்தைப் பற்றி எழுதிய சின்னப் புத்தகத்தை ஆங்கிலத்தில் படித்து, பக்கத்தில் உட்கார்ந்து தமிழில் அவருக்குச் சொன்னேன். கடவுளைத் தேடி எங்கேயும் போக வேண்டாம், ஏற்கெனவே அவர் முன்னால்தான் இருக்கிறோம், ஒரு பெயரை மூச்சோடு சொல்லிக்கொண்டிருந்தாலே அது ஜெபம்தான் என்பதுதான் நான் புரிந்து சொன்னதன் சாரம். அப்பா "இயேசுவே" என்று மட்டும் சொல்ல ஆரம்பித்தார். அது அவருக்கு முழுதாக வந்தது. அழுகை நின்றது.

உங்கள் பிள்ளைகளைக் குழப்புவார் என்று நீங்கள் பயப்படுகிற ஆள் என் அப்பாவுக்குச் செய்தது இதுதான். இதைத்தான் அன்றைக்கு மேடையில் சொல்ல வந்தேன். அதற்குள் மைக் போய்விட்டது.

யார் எப்படி ஜெபிக்கலாம் என்று தீர்மானிக்க உங்களுக்கு யார் உரிமை கொடுத்தது? சப்பணமிட்டு உட்கார்ந்தால் கிறிஸ்தவம் போய்விடுமா? பேசாமல் இருந்தால் போய்விடுமா? திருச்சபையின் துறவிகள் எத்தனையோ நூற்றாண்டுகளாக மௌனத்தில்தானே இருந்து வந்திருக்கிறார்கள்!

1973 ஜூலையில் ரிஷிகேஷ் தெருவில் பஸ் பிடிக்க ஓடும்போது மாரடைப்பு வந்து விழுந்தவர் அவர். பிழைத்து எழுந்தபிறகு எழுதிய கடிதங்களில் புலம்பல் இல்லை, ஏதோ பெரிய வரம் கிடைத்தவர்போல அவ்வளவு சந்தோஷம். அந்த டிசம்பர் 7-ஆம் தேதி இந்தூரில் இறந்தார். மேடையில் ஒரு நிமிடத்தில் நீங்கள் ஒதுக்கித் தள்ளியது இந்த மனிதரைத்தான்.

இதைப் பற்றிப் பதிவு போட வேண்டாம் என்று உள்பெட்டியில் எழுதியவர்களுக்கு: போட்டதை எடுக்க மாட்டேன். அந்தப் புத்தகம் என்னிடம் இருக்கிறது. மைக்கை வாங்கியவர் கேட்டால், நானே வீட்டுக்குக் கொண்டுபோய்க் கொடுக்கிறேன்.