அந்தப் பையன் கவிழ்ந்ததில் என்ன சிரிப்பு?

பாய்மரப் படகு பழகும் ஒரு பையனின் வீடியோ, எது என்று எல்லோருக்கும் தெரியும். பாயின் அடியைப் பிடித்திருக்கும் கம்பமான பூம் தலையில் இடித்து, படகு கவிழ்ந்து, நிமிர்த்தியதும் திரும்பவும் கவிழ்ந்ததே, அதுதான். அதற்கு "இதெல்லாம் உனக்குத் தேவையா தம்பி" என்று ஒரு தலைப்பு. பாய்மரப் படகு பழகுகிறவன் கவிழத்தான் செய்வான். கவிழாமல் யாரும் பழகியதில்லை.

நடந்ததைப் பாருங்கள். காற்று பின்னாலிருந்து வருகிறது. தான் உட்கார்ந்திருக்கும் பக்கம் திரும்ப நினைத்து, சுக்கானைத் திருப்பும் கைப்பிடியான டில்லரைத் தன் பக்கமே இழுக்கிறான். டில்லர் ஒரு பக்கம் போனால் படகு மறுபக்கம் திரும்பும். படகின் பின்புறம் காற்று வரும் திசையைத் தாண்டியதும் பாய் ஒரே வீச்சில் இந்தப் பக்கம் வந்துவிட்டது. பூம் என்பது அலுமினியக் குழாய், குனியாவிட்டால் மண்டையில்தான் விழும். இப்போது பாயும் அவன் எடையும் ஒரே பக்கம். அவன் ஓட்டிய லேசர் என்ற ஒற்றை ஆள் படகின் கூடு சுமார் 59 கிலோதான். சாயாமல் என்ன செய்யும்?

இரண்டாவது முறை ஏன் கவிழ்ந்தது? பாய்மரத்தின் நுனி காற்று வரும் திசையில் கிடந்தது. படகின் அடியில் நீட்டிக்கொண்டிருக்கும் பலகையான டாகர்போர்டில் ஏறி நின்று நிமிர்த்தினான். பாய் தண்ணீரை விட்டு எழுந்ததும் காற்று அதன் அடியில் புகுந்து அவன் மேலேயே தள்ளிவிட்டது. முதலில் பாய்க் கயிற்றைத் தளர்த்தி, படகின் மூக்கைக் காற்றுக்கு நேராகத் திருப்பிவிட்டு நிமிர்த்த வேண்டும். அப்போது பாய் காற்றைப் பிடிக்காமல் வெறுமனே படபடக்கும்.

இவ்வளவு நேரமும் அவன் படகை விட்டு நீந்திப் போகவில்லை. ஒரு கை படகின் விளிம்பிலேயே இருக்கிறது. முதல் நாள் சொல்லிக்கொடுக்கும் பாடம் அது. அதை ஒருத்தராவது கவனித்தீர்களா?

"சிரிக்கவே கூடாதா?" என்பீர்கள். சிரியுங்கள், கூடப் பழகுகிறவர்களும் சிரிப்பார்கள். ஆனால் அடுத்த நிமிடம் தண்ணீரில் இறங்கிப் படகைப் பிடிப்பார்கள். "பணக்கார விளையாட்டு" என்பவர்களுக்கு இன்னொரு நாள் பதில் சொல்கிறேன். "தெரியாதவன் ஏன் போனான்?" என்பதற்கு மட்டும் இப்போதே சொல்கிறேன். வேலூர்க்காரர் விஷ்ணு சரவணன் 2023 ஆசிய விளையாட்டில் வெண்கலம் வாங்கியது இதே வகைப் படகில்தான். கவிழப் பயந்தவர் யாரும் அந்த இடத்துக்குப் போக முடியாது.

எனக்கு ஆற்றாமை வேறொன்றில். அந்தக் கோணத்தைப் பாருங்கள். கரையிலிருந்து எடுத்ததில்லை அது, பக்கத்திலேயே நின்ற மீட்புப் படகிலிருந்து எடுத்தது. பையன் டாகர்போர்டில் ஏறும்போது "கயிற்றை விடுடா" என்று ஒரு குரல் கொடுத்திருந்தால் போதும். முழு வீடியோவிலும் கேட்பது சிரிப்புச் சத்தம் மட்டும்தான்.