அடங்கலில் ‘தரிசு’ என்று எழுதப்படும் வயல்கள்

சேலத்துக்குத் தெற்கே, திருமணிமுத்தாற்றை ஒட்டிய எங்கள் ஊர் ஏரியின் ஆயக்கட்டில் (அதன் நீர் பாயும் வயற்பரப்பில்) எங்கள் குடும்பத்துக்கு ஒன்றேகால் ஏக்கர் நஞ்சை இருக்கிறது. எங்களுக்கு மேல்மடையில் இருந்த வயல்களில் நான்காண்டுகளுக்கு முன் மஞ்சள் பூசிய மனைக்கற்கள் நடப்பட்டன. மனைப்பிரிவுக்குச் செல்லும் சாலைக்காக வாய்க்காலின் மேல் கிராவல் கொட்டி மேடாக்கி, அடியில் சிமென்ட் குழாய் பதித்திருப்பதாகச் சொன்னார்கள். குழாய் இருப்பது உண்மைதான். ஆனால் அது வாய்க்காலின் தரைமட்டத்துக்கு ஒரு முழம் மேலே இருக்கிறது. ஏரி நிரம்பிய ஆண்டிலும் எங்கள் வரப்பு வரை தண்ணீர் வரவில்லை. சென்ற மாதம் அடங்கல் (எந்தப் புலத்தில் என்ன சாகுபடி என்று கிராம அளவில் எழுதப்படும் பதிவேடு) நகல் வாங்கிப் பார்த்தபோது எங்கள் புல எண்ணுக்கு நேரே ‘தரிசு’ என்று எழுதியிருந்தது. “தண்ணி வர்ற வழிய அடைச்சுப்புட்டு, தரிசுன்னு நம்ம மேலயே எழுதிட்டாங்க பாருப்பா” என்றார் சித்தப்பா.

விளைநிலத்தை மனையாக்குவதற்குச் சட்டம் இல்லாமல் இல்லை. தமிழ்நாடு நகர் ஊரமைப்புச் சட்டம், 1971-இன் 47-ஏ பிரிவும், அதையொட்டிய 2017ஆம் ஆண்டு விதிகளும், திட்டமில்லாப் பகுதிகளில் (நகரமைப்புத் திட்டப் பகுதிக்குள் வராத இடங்களில்) வேளாண் நிலத்தின் பயன்பாட்டை மாற்ற முன் அனுமதி வேண்டும் என்கின்றன. நஞ்சையாக இருந்தால் மாவட்ட ஆட்சியரின் கருத்தையும், புஞ்சையாக இருந்தால் வேளாண்மை இணை இயக்குநரின் கருத்தையும் பெற வேண்டும். நிலத்தின் மதிப்பில் 3 விழுக்காடு கட்டணம் செலுத்த வேண்டும். மனை விற்கும் விலையோடு ஒப்பிட்டால் அந்த 3 விழுக்காடு ஒரு தடையே அல்ல என்பது வேறு விஷயம். 2016 அக்டோபர் 20-க்கு முன் உருவான அனுமதியற்ற மனைகளை வரன்முறைப்படுத்த அரசே வழிசெய்த பிறகு, ‘இப்போது விற்போம், பின்னால் சரிசெய்துகொள்ளலாம்’ என்ற எண்ணம் ஊருக்கு ஊர் வேரூன்றிவிட்டது.

என் ஆட்சேபம் கட்டணத்தின் அளவைப் பற்றியது அல்ல. அனுமதி கோரும் விண்ணப்பம் புல எண்ணைக் கொண்டு வருகிறது, விசாரணையும் அந்த எண்ணோடு முடிந்துவிடுகிறது. தண்ணீரோ மதகிலிருந்து கடைமடை வரை பல புல எண்களைத் தாண்டித்தான் ஓடியாக வேண்டும். மேல்மடையில் ஒருவர் பெறும் அனுமதி, கீழே உள்ள பத்துப் பேரின் நஞ்சையை அவர்களைக் கேட்காமலேயே புஞ்சையாக்கிவிடுகிறது. இரண்டு மூன்று பசலி (வருவாய்க் கணக்கு ஆண்டு) தரிசாகக் கிடந்ததும், ‘இங்கே சாகுபடி நடப்பதில்லை’ என்பதே அடுத்த விண்ணப்பத்துக்குச் சான்றாகிறது.

கேரளத்தின் 2008ஆம் ஆண்டு நெல்வயல், ஈரநிலப் பாதுகாப்புச் சட்டம் இந்த ஓட்டையை அறிந்தே எழுதப்பட்டது. சாகுபடிக்கு ஏற்றதாக இருந்தும் தரிசாக விடப்பட்ட நிலமும் அதில் நெல்வயல்தான். வரப்பு, வடிகால், குளம், வாய்க்கால் ஆகியவையும் நெல்வயலின் பகுதியே. ஊராட்சித் தலைவர், வேளாண் அலுவலர், கிராம அலுவலர் ஆகியோருடன் உழவர் பிரதிநிதிகளும் உள்ளூர்க் கண்காணிப்புக் குழுவில் அமர்கிறார்கள். 2018ஆம் ஆண்டுத் திருத்தம், நெல்வயல்களையும் ஈரநிலங்களையும் பதிந்த தரவுப் பட்டியலில் இடம்பெறாத நிலங்களுக்குக் கட்டணம் வாங்கிக்கொண்டு கதவைத் திறந்துவிட்டதால் அந்தச் சட்டம் தளர்ந்தது உண்மை. ஆயினும் அதன் வரையறையை நாம் அப்படியே எடுத்துக்கொள்ளலாம்.

மத்திய அரசின் ஈரநில விதிகள் கைகொடுக்கும் என்று நம்பியும் பயனில்லை. 2017ஆம் ஆண்டு விதிகள் நெல்வயல்களையும், பாசனத்துக்கென மனிதர் அமைத்த நீர்நிலைகளையும் ஈரநிலம் என்ற வரையறையிலிருந்தே விலக்கிவிட்டன. நம் முன்னோர் வெட்டிய ஏரிகளில் பெரும்பாலானவை அத்துடன் வெளியே போயின. ஏரிக்குள் ஆக்கிரமித்தால் அகற்ற 2007ஆம் ஆண்டு மாநிலச் சட்டம் இருக்கிறது. ஏரியை விட்டு வெளியே வந்த வாய்க்காலுக்கு அந்த அளவு காவல் இல்லை.

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. தமிழ்நாட்டில் 2023-இல் இயற்றப்பட்ட நில ஒருங்கிணைப்புச் சட்டம், 100 ஹெக்டேருக்குக் குறையாத சிறப்புத் திட்டங்களுக்காக, இடையே ஓடையும் வாய்க்காலும் குறுக்கிடும் நிலப்பரப்பை ஒரே தொகுப்பாகப் பார்க்கிறது. திட்டத்துக்கு நிலம் வேண்டுமென்றால் புல எண்களைக் கடந்து பார்க்க அரசுக்குத் தெரிகிறது. ஆயக்கட்டைக் காக்க வேண்டுமென்றால் மட்டும் ஒவ்வொரு எண்ணாகப் பிரித்துப் பார்க்கிறது.

நிலத்தை விற்றவர்களை நான் குறைசொல்லவில்லை. மேல்மடைக்காரர் மகளின் திருமணக் கடனுக்காக விற்றார். நெல் விளைவித்து அந்தக் கடனை அவரால் அடைத்திருக்க முடியாது என்பது எனக்கும் தெரியும். அவர் விற்கக் கூடாது என்று சொல்லும் உரிமை எனக்கு இல்லை, வாய்க்காலை அடைக்கும் உரிமை வாங்கியவருக்கும் இல்லை.

நஞ்சைக்கு அனுமதி கேட்டு வரும் ஒவ்வொரு விண்ணப்பத்துக்கும் அந்த மதகின் முழு ஆயக்கட்டு வரைபடத்தையும் இணைக்க வேண்டும் என்றும், கடைமடை உழவர்களுக்கு அறிவிப்புக் கொடுத்து அவர்கள் முன்னிலையில் வாய்க்காலின் மட்டத்தை அளந்த பிறகே கருத்துரை அனுப்ப வேண்டும் என்றும் விதியில் சேர்க்கக் கோரி மனு எழுதியிருக்கிறேன். அடங்கலில் ‘தரிசு’ என்று எழுதும் இடத்தில், தண்ணீர் வந்ததா இல்லையா என்பதற்கும் ஒரு கட்டம் வேண்டும் என்று சித்தப்பா சேர்க்கச் சொன்னார். அதையும் சேர்த்து, அவர் கையெழுத்தையும் வாங்கிவிட்டேன்.