காரைச்சல்லியைச் சுற்றிக் கல் கொட்ட வேண்டாம்

தூத்துக்குடிப் பக்கம் மன்னார் வளைகுடாவில் இருக்கும் காரைச்சல்லித் தீவு கரைகிறது என்று செய்தி வந்தால் போதும், "சுற்றிலும் கருங்கல்லைக் கொட்டிவிடலாமே" என்று கேட்கிறார்கள். அக்கறையில்தான் கேட்கிறார்கள். ஆனால் அப்படிச் செய்தால் இருக்கிற மணலும் போய்விடும்.

மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளும் செத்த பவளச் சல்லியும் மணலும் பாரின்மேல், அதாவது கடலடிப் பவளத்திட்டின்மேல், சேர்ந்து உருவானவை. 1969-ல் கடல் வற்றும் நேரத்தில் 20 ஹெக்டேருக்கு மேல் இருந்த காரைச்சல்லி, 2018-ல் 6 ஹெக்டேர்கூட இல்லை. விலாங்குசல்லியும் பூவரசன்பட்டியும் ஏற்கெனவே தண்ணீருக்குள் போய்விட்டன. சுண்ணாம்புக்கும் கட்டடத்துக்கும் பல பத்தாண்டுகள் பவளப்பாறையை வெட்டியெடுத்தது இதற்குப் பெரிய காரணம்.

அலை எங்கே உடையும் என்பதற்கு ஒரு கணக்கு உண்டு. ஒரு மீட்டர் உயர அலை, தண்ணீர் ஆழம் ஏறக்குறைய 1.3 மீட்டராகக் குறையும் இடத்தில் உடையும். பார் உயரமாக இருந்தவரை அலை தூரத்திலேயே உடைந்து, வேகமிழந்துதான் கரைக்கு வந்தது. பாரை வெட்டியதும் ஆழம் கூடியது. இப்போது அலை நேராகக் கரையில் வந்து உடைகிறது.

கரையில் கற்சுவர் வைத்தால், மோதும் அலை திரும்பும்போது சுவரின் அடிமணலை அரித்துக்கொண்டு போகும். அடி குழிந்தால் கல் சரியும். சுவர் முடியும் இரண்டு முனைகளிலும் அரிப்பு இன்னும் கூடும். தவிர, காற்று மாறினால் மணல் தீவின் ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் போய் வரும். அந்தப் போக்குவரத்தை மறித்துவிட்டுத் தீவைக் காப்பது எப்படி?

வேலை நடக்க வேண்டிய இடம் கரையைத் தாண்டிய கடலடி. பக்கத்து வான்தீவு 1986-ல் சுமார் 16 ஹெக்டேராக இருந்து, 2014-ல் 2 ஹெக்டேர் அளவுக்குச் சுருங்கியது. அந்தத் தீவுக்கு எதிரே கடலில் 10,000-க்கும் மேற்பட்ட கான்கிரீட் செயற்கைப் பார்களை இறக்கினார்கள். அடி அகன்று மேல் குறுகிய வடிவம், பக்கமெல்லாம் ஓட்டை. அந்த ஓட்டைகள்தான் இதில் முக்கியம். தண்ணீர் அவற்றின் வழியே புகுந்து போவதால் அலையின் வேகம் குறைகிறது, அடிமணல் அரிப்பும் குறைகிறது, மீனுக்கும் இடம் கிடைக்கிறது. இறக்கும் முன் முக்குளிப்பவர்கள் இறங்கிப் பார்த்தே ஆக வேண்டும். உயிருள்ள பவளத்தின்மேலோ கடல்தாழை என்னும் கடலடிப் புல்லின்மேலோ ஒன்றுகூட விழக் கூடாது. சேறு ஆழமாக இருக்கும் இடத்தில் வைத்தால் புதைந்துவிடும்.

கான்கிரீட் இறக்கியதோடு வேலை முடியாது, ஏனென்றால் அது வளராது. பவளம் வளரும், அது உடைந்தால்தான் தீவுக்குப் புது மணல். நல்ல பவளத்திலிருந்து விரல் நீளத் துண்டெடுத்து, சிமென்ட் வில்லையில் ஆடாமல் கட்டி, கடலடியிலிருந்து உயர்த்திய சட்டத்தில் வைக்க வேண்டும். தரையோடு வைத்தால் வண்டல் மூடிச் செத்துப்போகும். கட்டு தளர்ந்தால் ஆடி ஆடி ஒட்டாமலே போகும். ஏப்ரல் முதல் ஜூன் வரை இந்த வேலையைத் தொடக் கூடாது. தண்ணீர் சூடேறிப் பவளம் வெளுக்கும் காலம் அது. 2016-ல் அந்த வெளுப்பால் செத்த பவளம் கொஞ்சநஞ்சமல்ல.

கடல்தாழையை வேர்க்கிழங்கோடு எடுத்து, ஒரு சதுர மீட்டர் பிவிசி சட்டத்தில் சணல் கயிறு ஓட்டி, அதில் கட்டி நடுகிறார்கள். சணல் மக்கிவிடும், அதற்குள் வேர் பிடித்துவிட வேண்டும். தாழை பிடித்த இடத்தில் மணல் நகராது.

இவ்வளவும் செய்த இடத்தில் ஒரு நங்கூரம் இழுபட்டால் பல வருட வளர்ச்சி ஒரு நொடியில் போய்விடும். அதற்காக மீனவர்மேல் வழக்குப் போடுவதில் எனக்கு உடன்பாடில்லை. அந்தத் தண்ணீரை அவர்களைவிடத் தெரிந்தவர்கள் யார்? இந்தத் தீவுகள் அடங்கிய கடல் தேசியப் பூங்காவின் எல்லைக்கு வெளியே, மணல் தரையாகப் பார்த்து, நங்கூரம் போடாமல் படகைக் கட்ட நிலையான கட்டுமிதவைகள் போட்டுக் கொடுங்கள். எந்த இடம் என்பதைச் சிப்பிகுளம், கீழவைப்பாறு மீனவ ஊர்களில் கேட்டு முடிவு செய்யுங்கள். செயற்கைப் பாருக்கு ஒதுக்கும் பணத்திலேயே இதற்கும் ஒரு பங்கு இருக்க வேண்டும்.