மூன்று வாய்தாவுக்கு மேல் கிடையாதாம்!

ஒரு தரப்புக்கு மூன்று தடவைக்கு மேல் வாய்தா கொடுக்கக் கூடாது. இது நான் கோபத்தில் கேட்கிற சலுகை இல்லை, இந்திய உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் ஆர்டர் 17-ல் அச்சடித்திருக்கிற விதி, 2002 ஜூலையிலிருந்து அமலில் இருக்கிறது. எதிருரை, அதாவது வழக்குக்குப் பிரதிவாதி எழுதித் தரும் பதில், போட 30 நாள், மிஞ்சினால் 90 நாள் என்பதும் அப்போது வந்ததுதான். 2005-ல் உச்ச நீதிமன்றம், அந்த 90 நாளை அபூர்வமான சூழ்நிலையில் தாண்டலாம் என்று சொன்னது. எங்கள் ஊர்ப் பக்கம் எல்லா நாளுமே அபூர்வமான நாள் போலிருக்கிறது!

தாத்தா சொத்து. தஞ்சாவூர்ப் பக்கம் கொஞ்சம் நஞ்சை, ஒரு ஓட்டு வீடு. அப்பா சின்ன வயதிலேயே சிங்கப்பூர் வந்துவிட்டார். பங்கு கேட்டதும் சித்தப்பா, "உங்களுக்குத்தான் அங்க வீடு இருக்கே அண்ணே, இது எதுக்கு" என்றார். சரி, பாகப்பிரிவினை வழக்கு. யார் யார் வாரிசு, யாருக்கு எத்தனை பங்கு, இவ்வளவுதான் கேள்வி, ஒரு மத்தியானம் உட்கார்ந்து கேட்டால் முடிகிற விஷயம். இத்தனை வருஷத்தில் அந்தக் கேள்வியை ஒருத்தர்கூடத் தொடவில்லை என்பதுதான் என் வயிற்றெரிச்சல். சண்டை எல்லாம் மனு மேல், மனுவுக்குப் போட்ட பதில் மனு மேல், அது ஏன் லேட் என்பதன் மேல்.

சித்தப்பாவிடம் ஒரு துண்டு நிலம் வாங்கியவர் ஐந்தாம் பிரதிவாதி, முகம்கூட நாங்கள் பார்த்ததில்லை. அவர் இறந்துபோனார். கட்சிக்காரர் இறந்தால் கோர்ட்டுக்குச் சொல்ல வேண்டியது அவருடைய வக்கீலின் கடமை, ஆர்டர் 22 விதி 10ஏ. சொன்னார்களா? மூச்சு விடவில்லை. இறந்தவர் பெயரிலேயே வாய்தா வாங்கிக்கொண்டு இருந்துவிட்டு, வாரிசுகளைச் சேர்க்க வேண்டிய 90 நாள் கழிந்த பிறகு, அவரைப் பொறுத்தவரை வழக்கு அற்றுப்போய்விட்டது, அதாவது தானாகவே முடிந்துவிட்டது என்று எழுந்து நிற்கிறார்கள். இப்போது நாங்கள் தாமதத்தை மன்னிக்க ஒரு மனு, அற்றுப்போனதை ரத்து செய்ய ஒரு மனு, வாரிசுகளைச் சேர்க்க ஒரு மனு போட வேண்டும், மூன்றுக்கும் தனித்தனி நோட்டீஸ், அந்த வாரிசுகளில் ஒரு பெண் துபாயில். மறைத்தது அவர்கள், மன்னிப்புக் கேட்பது நாங்கள்!

அங்கே காலை பத்தரை என்றால் இங்கே மதியம் ஒரு மணி. சாப்பாட்டு நேரத்தில் உணவங்காடியில் உட்கார்ந்து இ-கோர்ட்ஸ் செயலியைத் திறப்பேன். அடுத்த தேதி வந்திருக்கும், பக்கத்தில் 'கவுன்டருக்காக', அதாவது எதிர்த்தரப்பின் பதில் மனுவுக்காக, என்று இருக்கும். போன மாதமும் அதுதான், அதற்கு முந்தின மாதமும் அதுதான். ஊரில் வக்கீலுக்கு போன் போட்டால் "கவலைப்படாதீங்க, அடுத்த வாய்தால பார்த்துக்கலாம்" என்பார், ஆனால் குமாஸ்தா செலவு மட்டும் தேதி தவறாமல் வந்துவிடும்.

நம் சார்பில் வழக்கை நடத்த ஒருவருக்குப் பவர் கொடுத்துவிட்டால் தீர்ந்தது என்று நினைக்கிறவர்களுக்கு ஒன்று சொல்லிவிடுகிறேன். இங்கே நோட்டரி, அப்புறம் சட்டக் கழகத்தில் அப்போஸ்டில் (வெளிநாட்டில் செல்லுபடியாக வைக்கிற சான்று), ஊருக்குப் போய்ச் சேர்ந்த மூன்று மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை, எல்லாம் ஒழுங்காக முடித்து அத்தை மகன் பெயரில் பவர் கொடுத்தோம். வாதிக்கு மட்டுமே நேரடியாகத் தெரிந்த விஷயத்தைப் பவர் ஏஜென்ட் அவருக்குப் பதிலாகச் சாட்சியாகச் சொல்ல முடியாது என்று 2004-ல் ஒரு உச்ச நீதிமன்றத் தீர்ப்பு இருக்கிறது. ஆக அப்பாவே கூண்டில் ஏற வேண்டும். அவருக்கு இப்போது எம்ஆர்டி ரயில் நிலையப் படி ஏறவே மூச்சு வாங்குகிறது. வீடியோவில் சாட்சியம் பதிவு செய்யலாம் என்று உச்ச நீதிமன்றம் 2003-லேயே சொல்லிவிட்டது, ஆனால் அதற்கும் ஒரு மனு, அதற்கும் ஆட்சேபணை. கேமராவுக்குப் பின்னால் நின்று யாராவது சொல்லிக்கொடுப்பார்களாம். தாத்தா உழுத வயலைப் பற்றி அப்பாவுக்கு யார் சொல்லிக்கொடுப்பது, நானா?

சிங்கப்பூரில் 2022 ஏப்ரலில் வந்த புதிய நீதிமன்ற விதிகளில், விசாரணைக்கு முன்னால் கேட்க வேண்டியதை எல்லாம் முடிந்தவரை ஒரே விண்ணப்பத்தில் கேட்டுவிடு என்று வைத்துவிட்டார்கள். இங்கே வழக்குச் செலவு யானை விலை, அது வேறு விஷயம். ஆனாலும் அந்த ஒரு விதியை ஜெராக்ஸ் எடுத்து ஊர் கோர்ட் வாசலில் ஒட்டலாமா என்று தோன்றுகிறது.

"சமரசமாப் போயிடலாமே" என்று அறிவுரை சொல்கிறவர்களே, இரண்டு தடவை பேசிப் பார்த்தாயிற்று. கோர்ட் இழுக்கிற வரைக்கும் நிலத்தில் அறுவடை யாருடையது? அவருடையது. அவர் எதற்கு சமரசத்துக்கு வரப்போகிறார்?

யாராவது இங்கிருந்தபடியே வீடியோவில் தமிழ்நாட்டு சிவில் கோர்ட்டில் சாட்சி சொல்லியிருந்தால், மனு எத்தனை நாளில் உத்தரவானது, எங்கே உட்காரவைத்தார்கள் என்று எனக்குச் சொல்லுங்கள். எதிர்த்தரப்பு பதில் போட மறுபடியும் நேரம் கேட்டிருக்கிறது.