ஆஸ்கார் வைல்டின் வாயை அடைத்த படம்

ஆஸ்கார் வைல்டின் நாடகத்தை யாராவது மௌனப் படமாக எடுப்பார்களா? அந்த மனுஷனின் சொத்தே வாய்தான். 'லேடி விண்டர்மியர்ஸ் ஃபேன்' 1892 பிப்ரவரியில் லண்டன் செயின்ட் ஜேம்ஸ் தியேட்டரில் மேடையேறிய நாடகம். இன்றைக்கும் அதை மேற்கோள் காட்டுகிறவர்கள் கதையைச் சொல்வதில்லை, வசனத்தைத்தான் சொல்கிறார்கள். "எல்லோரும் சாக்கடையில்தான் கிடக்கிறோம், சிலர் மட்டும் நட்சத்திரங்களைப் பார்க்கிறோம்" என்கிற வரி இதில் வருவதுதான்.

1925இல் இயக்குநர் எர்ன்ஸ்ட் லூபிட்ஷ் இதை வார்னர் பிரதர்ஸுக்குப் படமாக்கினார். அந்தப் புகழ்பெற்ற வரிகளை, காட்சிகளுக்கு நடுவே வரும் எழுத்து அட்டைகளிலாவது போட்டிருக்கலாம். போடவில்லை, வேண்டுமென்றே விட்டுவிட்டார். வைல்டை எடுத்துவிட்டு வைல்ட் படமா என்று கேட்பவர்கள் உண்டு. எனக்கோ, அதனால்தான் இந்தப் படம் இன்னும் உயிரோடு இருக்கிறது என்று தோன்றுகிறது.

கதை தெரியாதவர்களுக்கு: லேடி விண்டர்மியர் தாயில்லாப் பெண்ணாக வளர்ந்தவள். உண்மையில் அம்மா சாகவில்லை, கைக்குழந்தையை விட்டுவிட்டு வேறொருவனோடு போனவள். அந்த மிஸஸ் எர்லின் இப்போது திரும்பி வந்து மருமகனிடம் ரகசியமாகப் பணம் வாங்குகிறாள். மகளுக்குத் தெரிவதெல்லாம், புருஷன் எவளுக்கோ செக் எழுதுகிறான் என்பது மட்டும். ஆத்திரத்தில், தன்மேல் ஆசை வைத்திருக்கும் டார்லிங்டன் பிரபுவின் வீட்டுக்குப் போய்விடுகிறாள். அம்மா பின்னாலேயே ஓடுகிறாள். மகளின் கைவிசிறி அங்கே சிக்கிக்கொள்ள, பழியைத் தன் தலையில் போட்டுக்கொள்கிறாள்.

கொஞ்சம் யோசித்தால், இந்தக் கதையில் நடக்கும் வினை எல்லாம் பார்வையால் வருவது. அவளை இவள் பார்க்கிறாள், பாதி பார்க்கிறாள், மீதியைத் தானே இட்டுக்கட்டிக்கொள்கிறாள். மேடையில் இதையெல்லாம் யாராவது வாய்விட்டுச் சொல்லியாக வேண்டும். கேமராவுக்கு அந்த அவசியம் கிடையாது.

நாடகத்தில் இல்லாத குதிரைப் பந்தயக் காட்சி ஒன்று படத்தில் இருக்கிறது. மிஸஸ் எர்லின் உள்ளே வருகிறாள். அவ்வளவுதான், குதிரையைப் பார்க்க வந்த பைனாகுலர்கள் எல்லாம் அவள் பக்கம் திரும்புகின்றன. யார் பார்க்கிறார்களோ அவர்கள் கோணத்தில் அவள் துண்டு துண்டாகத் தெரிகிறாள். வம்புக்காரக் கிழவிகள் அவள் தலையில் நரைமுடி தேடுகிறார்கள். பார்க்கிற நாமும் அதே பைனாகுலருக்குள்தான் இருக்கிறோம் என்பது சற்றுத் தாமதமாகத்தான் உறைக்கும். பந்தயம் முடிந்து அவள் தனியாக நடந்து போக, அகஸ்டஸ் பிரபு பின்தொடர்கிறார். அவர் நெருங்க நெருங்கத் திரையின் ஓரத்திலிருந்து இருட்டு நகர்ந்து வந்து சட்டகத்தைச் சுருக்குகிறது. ஒரு வார்த்தை இல்லை. ஆனால் மனுஷன் விழுந்துவிட்டார் என்று நமக்குத் தெரிந்துவிடுகிறது.

தோட்டத்துக் காட்சியும் அப்படித்தான். வேலிச்செடிக்குப் பின்னால் மிஸஸ் எர்லினின் கையை யாரோ முத்தமிடுவது தெரிகிறது. ஆள் யார் என்று தெரியவில்லை. லேடி விண்டர்மியர் அது தன் புருஷன்தான் என்று முடிவுகட்டிவிடுகிறாள். நமக்கு மட்டும் அது அகஸ்டஸ் என்று தெரியும்.

அம்மா என்கிற ரகசியத்தை லூபிட்ஷ் ஆரம்பத்திலேயே போட்டு உடைத்துவிட்டார் என்று குறை சொல்வார்கள். இதில் ஒரு வேடிக்கை உண்டு. வைல்ட் முதலில் அதைக் கடைசி அங்கம்வரை மறைத்துத்தான் வைத்திருந்தார். தியேட்டரை நடத்திய ஜார்ஜ் அலெக்ஸாண்டர் வற்புறுத்தியதால் முன்னால் கொண்டுவந்தார். அலெக்ஸாண்டர் ஆரம்பித்ததை லூபிட்ஷ் முடித்துவைத்தார், அவ்வளவுதான். ரகசியம் நமக்குத் தெரிந்திருப்பதால்தான், மகளைத் தூரத்திலிருந்து பார்க்கும், மிஸஸ் எர்லினாக நடித்த ஐரின் ரிச்சின் முகத்தில் என்ன ஓடுகிறது என்று நாம் தேடுகிறோம். பெருமையா, பொறாமையா, வெட்கமா? அவர் எதையும் கொட்டிவிடவில்லை. மௌனப் படம் என்றாலே கண்ணை உருட்டி மார்பில் அடித்துக்கொள்வது என்று நினைப்பவர்கள் இவருக்காகவாவது பார்க்க வேண்டும்.

குறை இல்லாமல் இல்லை. மே மெக்அவோய் நடித்த லேடி விண்டர்மியர் எனக்குச் சப்பென்றுதான் இருந்தாள். அவளுக்காக ஒருத்தி மானத்தை விடுகிறாள் என்றால் நாம் தவிப்பது அந்த ஒருத்திக்காகத்தான், இவளுக்காக அல்ல. டார்லிங்டனாக வரும் ரொனால்ட் கோல்மனும் அழகாக நிற்கிறார், வேறென்ன சொல்ல.

ஆனால் முடிவு! ஊர் முன்னால் கெட்ட பெயர் வாங்கிய மிஸஸ் எர்லின், மறுநாள் அகஸ்டஸ் கேள்வி கேட்கும் முன்பே "நேற்று ராத்திரி நீங்கள் நடந்துகொண்ட விதம் சகிக்கவில்லை" என்கிற தொனியில் அவர் மீதே பாய்ந்துவிட்டுக் காரில் ஏறுகிறாள். தப்பு செய்தவர் போல முழித்துவிட்டு அவரும் பின்னாலேயே ஏறிக்கொள்கிறார். வைல்டின் வரி ஒன்றும் இல்லாமல் வைல்டின் குறும்பு முழுசாக இருக்கும் இடம் அது.

அமெரிக்காவில் காப்புரிமை முடிந்துவிட்ட படம், இணையத்தில் எளிதாகக் கிடைக்கும். சில பிரதிகளில் சம்பந்தமே இல்லாத பியானோவை ஓடவிட்டிருப்பார்கள். அப்படி மாட்டினால் ஒலியை அணைத்துவிட்டே பாருங்கள், ஒன்றும் குறையாது.