சாக்கியார் 2001-இல் யுனெஸ்கோ விருது வாங்கவில்லை

'கோயிலுக்குள்ளேயே முடங்கிக் கிடந்த கேரளத்துக் கூடியாட்டக் கலைஞர் மாணி மாதவ சாக்கியாரை 2001-இல் யுனெஸ்கோதான் கண்டுபிடித்து விருது கொடுத்தது' என்று ஒரு வாட்ஸ்அப் செய்தி சுற்றுகிறது. தவறு.

அவர் பிறந்தது 1899-இல். மறைந்தது 1990 ஜனவரியில். அப்புறம் 2001-இல் எப்படி விருது வாங்குவார்? அந்த ஆண்டு யுனெஸ்கோ அறிவித்தது கூடியாட்டம் என்ற சம்ஸ்கிருத நாடகக் கலைக்கான அங்கீகாரம். தனி ஆளுக்கு அல்ல. யுனெஸ்கோவின் மரபுக் கலைகள் பட்டியலில் இதைப் பார்க்கலாம்.

'முடங்கிக் கிடந்தார்' என்பதுதான் பெரிய அநியாயம். 1950-களிலேயே கூடியாட்டத்தைக் கோயில் மதிலுக்கு வெளியே ஆடிக் காட்டியவர் அவர். 1962-இல் சென்னையில் சம்ஸ்கிருத அறிஞர் டாக்டர் வே. ராகவனின் சம்ஸ்கிருத ரங்கம் என்ற நாடக அமைப்பு அழைக்க, இங்கேயும் வந்து ஆடினார். 1964-இல் சங்கீத நாடக அகாதமி விருது, 1974-இல் பத்மஸ்ரீ. அகாதமியின் இணையதளத்திலும் பத்ம விருதுப் பட்டியலிலும் பெயரைத் தேடினால் கிடைக்கும்.

அவருடைய பெருமை கண்களில் இருந்தது. ராவணன் கைலாயத்தைப் பெயர்க்கும் கட்டத்தில், மலையின் அடியிலிருந்து உச்சிவரை பார்வையை மெல்ல ஏற்றியே அதன் உயரத்தைக் காட்டிவிடுவார். பின்னால் மிழாவு என்ற குடமுழவின் முழக்கம் மட்டும். அந்தச் செய்தியில் இதைப் பற்றி ஒரு வரிகூட இல்லை.

சரி, உங்களுக்கும் அது வந்திருந்தால் மேலே அனுப்ப வேண்டாம். அனுப்பியவரிடம் இந்த ஆண்டுகளை மட்டும் சொல்லுங்கள்.