கிணற்றுக்குத் தேய்மானம் போட்ட கணக்கு

பத்திரத்தில் விலையைக் கொஞ்சம் குறைத்துக் காட்டிப் பாருங்கள். முத்திரைச் சட்டம் 47ஏ பிரிவில் கோப்பு கிளம்பிவிடும். 'சந்தை மதிப்பு இதைவிட அதிகம், வித்தியாசத்துக்குத் தீர்வை கட்டு' என்று நோட்டீஸ் வரும். அதே அரசு நம் நிலத்தை எடுக்க வரும்போது அந்தச் சந்தை மதிப்பு எங்கே போய் ஒளிந்துகொள்கிறதோ!

சாலையை அகலப்படுத்த அப்பாவின் 22 சென்ட் போனது. அறிவிப்பு வந்தது 2021ல். தமிழ்நாட்டில் 2017 ஜூனில் வழிகாட்டி மதிப்பை, அதாவது பத்திரப் பதிவுக்காக அரசு நிலத்துக்குக் குறித்துவைக்கும் விலையை, 33 சதவீதம் குறைத்தார்களே, ஞாபகம் இருக்கிறதா? அப்போது நாங்களும் சந்தோஷப்பட்டவர்கள்தான் (பதிவுக் கட்டணத்தை 1 சதவீதத்திலிருந்து 4 ஆக்கியது அப்புறம்தான் உறைத்தது). 2023 ஏப்ரலில் மதிப்பைப் பழையபடி ஏற்றிவிட்டார்கள். நடுவில் மாட்டியது நாங்கள்.

சட்டம் மோசமில்லை. 2014 ஜனவரி முதல் நடைமுறையில் இருக்கும் நில எடுப்புச் சட்டத்தின் 26வது பிரிவைப் படித்தால் காதில் தேன் பாயும். வழிகாட்டி மதிப்பு ஒன்று, அக்கம்பக்கத்தில் மூன்று வருடத்தில் பதிவான கிரயப் பத்திரங்களில் விலை கூடிய பாதியின் சராசரி இன்னொன்று. எது அதிகமோ அதை எடுக்க வேண்டும். கிராமப்புறம் என்றால் அதை இரண்டு மடங்கு வரை பெருக்கலாம். அதற்கு மேல், கட்டாயமாக எடுப்பதற்காக 100 சதவீதம் ஆறுதல் தொகை. எல்லாம் சரி, பெருக்குவது எதை? எவனும் உண்மை விலையை எழுதாத பத்திரங்களை! பாதிப் பணம் கையில், பாதி காகிதத்தில் என்று காலங்காலமாக எழுதிவந்தது நாம்தான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அது சார்பதிவாளர் அலுவலகத்துக்குத் தெரியாதா என்ன? நில எடுப்பைத் தொடங்கும் முன்பே ஆட்சியர் சந்தை மதிப்பைத் திருத்திப் புதுப்பிக்க வேண்டும் என்று அதே பிரிவில் இருக்கிறது. எங்கள் விஷயத்தில் அதைப் பற்றி யாரும் வாயே திறக்கவில்லை.

அலைந்து திரிந்து, நேர்மையாக விலை எழுதிய ஒரு பத்திரத்தை நகல் எடுத்துக்கொண்டு போனேன். பார்த்துவிட்டு, "அது வீட்டுமனை சார், உங்களது புஞ்சை" என்று திருப்பித் தந்தார்கள். இரண்டுக்கும் நடுவே ஒரு வேலிதான்.

கிணற்றுக் கதை இன்னும் மோசம். பொறியாளர் எட்டிப் பார்த்தார், டேப்பை இறக்கினார், எந்த வருடம் வெட்டியது என்று கேட்டார். 1987 என்று அப்பா பெருமையாகச் சொன்னார். சொல்லியிருக்கவே கூடாது. வயதுக்கு ஏற்பத் தேய்மானம் கழித்துவிட்டார்கள். கிணற்றுக்குத் தேய்மானமாம்! முப்பது வருடம் இறைத்ததில் ஊற்று தேய்ந்தா போயிற்று? அந்தத் தண்ணீரை நம்பி மிச்சம் ஒன்றரை ஏக்கர் இருக்கிறது. துண்டாகப் பிரிப்பதால் வரும் நஷ்டத்தையும் சேர்க்கச் சொல்கிறது 28வது பிரிவு. எங்கள் கணக்கில் அதற்கு ஒரு வரிகூட இல்லை.

எங்களுக்கு மட்டும்தான் இப்படி என்று நினைத்துவிடாதீர்கள். தமிழ்நாட்டுத் தேசிய நெடுஞ்சாலை வழக்கு ஒன்று 2021 ஜூலையில் உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது. வழிகாட்டி மதிப்பை மட்டும் பார்த்து சதுர மீட்டருக்கு 46 ரூபாய் 55 காசிலிருந்து 83 ரூபாய் 15 காசு வரை கொடுத்திருந்தார்கள். 46 ரூபாய் கணக்கில் ஒரு சென்ட் 1,900 ரூபாய்கூட வராது. முறையிட்டால் நடுவர் யார்? மாவட்ட ஆட்சியர். அவர் அதே தொகையை அப்படியே உறுதி செய்தார். மாவட்ட நீதிபதிதான் 645 ரூபாய் ஆக்கினார், அதாவது சென்ட் சுமார் 26,000. நடுவர் தீர்ப்பை அவர் அப்படித் திருத்தியிருக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சட்டம் பேசியது, ஆனால் தொகையில் கைவைக்கவில்லை. எடுக்கிறவனே விலை சொல்லி, எடுக்கிறவனே பஞ்சாயத்தும் பண்ணினால் வேறென்ன கிடைக்கும்?

பணம் வாங்கப் போன அன்று ஒரு ரசீதை நீட்டி, "இங்கே கையெழுத்துப் போடுங்க" என்றார் எழுத்தர். ஆட்சேபணை இல்லாமல் வாங்கிவிட்டால் அதன்பின் தொகையை உயர்த்தக் கேட்டு மனுப்போட முடியாது. அதை அந்த அலுவலகத்தில் ஒருவர்கூடச் சொல்லவில்லை. தெரிந்த வக்கீல் ஒருவர் முந்தின நாள் போனில் சொல்லியிருந்ததால் தப்பித்தோம். அப்பா கண்ணாடியை மாட்டிக்கொண்டு, கையெழுத்துக்கு மேலே 'ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று நிதானமாக எழுதினார். "எதுக்குங்க ஐயா இதெல்லாம்?" என்று அலுத்துக்கொண்டார் எழுத்தர். அப்பா பதில் சொல்லாமல் பேனாவை மூடினார்.